கவிக்குட்டிக்கு, பொம்மைப் பெட்டி பற்றி

அன்புள்ள கவிக்குட்டிக்கு,

கராஜில் இருக்கும் உன் மான்ஸ்டர் ஹை பொம்மைகளைப் படம் எடுத்து அனுப்பச் சொல்லியிருந்தாய். விற்கப் போகிறேன் என்று ஒரு வரி, அதோடு சரி. அதற்கப்புறம் கூப்பிட்டால் எடுப்பதில்லை. பிஸி என்று பதில் வருகிறது. அதனால்தான் எழுதுகிறேன். தமிழில் எழுதினால் விரலால் தள்ளிவிட்டுப் போக முடியாது, ஒவ்வொரு வரியாகப் படித்தே ஆக வேண்டும்.

அப்பா பெட்டியை இறக்கித் தந்தார். எல்லாரும் பத்திரமாக இருக்கிறார்கள். டிராகுலாராவின் குடை வளையவில்லை. கிளியோவின் பாம்பு, கிளாடீனின் பூனை, அந்த வௌவால், எல்லாம் நீ போட்டு வைத்த சுருக்குப் பையிலேயே இருந்தன. சின்ன டைரிகளுக்கு நீ போட்ட ரப்பர் பேண்டு இற்றுப்போய் அட்டையோடு ஒட்டிக் கிடந்தது. நகத்தால் மெல்ல சுரண்டி எடுத்துவிட்டேன், அட்டை கிழியவில்லை.

ஃபிராங்கியின் இடது கைதான் இல்லை. அந்தப் பொம்மைகளுக்கு முழங்கையிலும் மணிக்கட்டிலும் கழற்றி மாட்டுகிற மாதிரி செய்திருப்பார்களே, சட்டைக் கை நுழைய வேண்டும் என்று. அப்படிக் கழன்ற கை. உன் பழைய அறை, சோபா இடுக்கு எல்லாம் பார்த்தாயிற்று. கடைசியில் அப்பாவின் ஸ்க்ரூ டப்பாவில் கிடைத்தது. வெளிர்பச்சையாக, என் சுண்டுவிரல் நுனி அளவுக்கு ஒரு கை. செருகுகிற முளை உடையவில்லை. மாட்டினால் டிக் என்று உட்கார்ந்துவிட்டது. அப்பா எப்போது அதை எடுத்து வைத்தாரோ, கேட்டால் சிரிக்கிறார்.

விற்பதாக இருந்தால் மொத்தமாக ஒரே ஆளிடம் கொடுத்துவிடாதே. 2010-இல் முதல் முதலாக வந்தபோது வாங்கியவை இவை. ஸ்டாண்டு, டைரி, செல்லப்பிராணி எல்லாம் சேர்ந்து இருந்தால்தான் விலை. அவசரம் என்று தெரிந்தால் வாங்குகிறவன் அடித்துப் பேசுவான். அவசரம் இல்லையே? வாடகை முதல் தேதிதானே கட்டுகிறாய்? சும்மா கேட்கிறேன்.

இவர்களை வாங்கித் தந்தபோது உன் மாமா என்ன சொன்னார் என்று ஞாபகம் இருக்கிறதா? வெள்ளிக்கிழமையும் அதுவுமாகப் பிசாசு பொம்மையை வீட்டுக்குள் கொண்டுவருகிறாயே என்றார். நான் டிராகுலாராவின் டைரியைப் படித்துக் காட்டினேன். ஆயிரத்து அறுநூறு வயது, டிராகுலாவின் மகள், ஆனால் இரத்தம் என்று சொன்னாலே மயங்கி விழுவாள், மாமிசம் தொடமாட்டாள். நம் வீட்டுப் பெண்தான் என்றேன். பாட்டிக்கு அவளை ரொம்பப் பிடித்துப்போய்விட்டது. இரண்டு வாரம் பூஜை அலமாரிக்குக் கீழே உட்கார வைத்திருந்தாள். பேய்களின் பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் கொண்டுவந்து உட்காரவைத்து, தையல், கோரைப்பல், மயிர் என்று எதை மறைக்க வேண்டும் என்பார்களோ அதையே முன்னால் காட்டச் சொன்ன கேரட் சேண்டர் என்ற அந்த மேட்டல் பொம்மைக் கம்பெனி வடிவமைப்பாளரை நான் மனசார மதிக்கிறேன். உன்னைப் போல ஒல்லியாக, கண்ணாடியும் பல் கம்பியுமாக ஆறாம் வகுப்புக்குப் போன குழந்தைக்கு அது எவ்வளவு தெம்பு என்று எனக்குத் தெரியும்.

பெட்டியின் அடியில் அந்த மூன்று பேர் தனியாக இருந்தார்கள், ஸ்கேரிலி எவர் ஆஃப்டர் வரிசை. ஸ்னோ பைட், த்ரெடரெல்லா, லிட்டில் டெட் ரைடிங் வூல்ஃப். டிராகுலாரா ஸ்னோ ஒயிட் ஆகிறாள், ஃபிராங்கி சிண்ட்ரெல்லா ஆகிறாள், கிளாடீன் சிவப்புத் தொப்பிக்காரி ஆகிறாள். அன்றைக்கு உன்னிடம் கேட்டேன், ஓநாயின் மகள் எப்படிச் சிவப்புத் தொப்பி போடுவாள், ஓநாய்தானே அந்தப் பெண்ணைச் சாப்பிடும் என்று. நீ தலையை நிமிர்த்தாமல், “ஓநாய்க்கும் காட்டுக்குள்ள ஒரு பாட்டி இருக்கும்ல” என்றாய். அன்று ராத்திரி அப்பாவிடம் சொன்னேன், இந்தப் பெண் வேறு மாதிரி யோசிக்கிறாள் என்று.

ஓடிஸ் கல்லூரியில் பொம்மை வடிவமைப்புப் படித்தபோது போனில் எனக்குப் பாடம் நடத்துவாயே, எதுவும் மறக்கவில்லை. 1697-இல் பிரான்சில் பெரோ எழுதிய கதையில் ஓநாய் அந்தப் பெண்ணைத் தின்றுவிடுகிறது, அத்தோடு கதை முடிந்தது. வேட்டைக்காரன் வந்து ஓநாயின் வயிற்றைக் கிழித்துக் காப்பாற்றுவது 1812-இல் கிரிம் சகோதரர்கள் புத்தகத்தில். அதே புத்தகத்தில் சிண்ட்ரெல்லாவின் அக்காமார் செருப்புக்குள் கால் நுழைய ஒருத்தி விரலையும் ஒருத்தி குதிகாலையும் வெட்டிக்கொள்கிறார்கள். ஸ்னோ ஒயிட் கதை ராணியின் விரலில் ஊசி குத்திப் பனியில் விழுந்த மூன்று சொட்டு இரத்தத்தில்தான் ஆரம்பிக்கிறது. அந்தக் குழந்தையின் ஈரல் என்று நினைத்து ராணி எதையோ சமைத்துச் சாப்பிடவும் செய்கிறாள். “அம்மா, டிராகுலாராவை ஸ்னோ ஒயிட் ஆக்கினவங்க கதையைக் கெடுக்கல, பழைய கதைகிட்டதான் போயிருக்காங்க” என்று சொன்னாய். பேருந்தில் வந்துகொண்டே பேசினாய், பின்னால் இறங்கும் நிறுத்தத்தின் பெயர் கேட்டது. எனக்குப் பெருமையில் தொண்டை அடைத்தது, சரி சரி சாப்பிட்டாயா என்றுதான் கேட்க வந்தது.

இன்னொன்றும் சொன்னாய். கிரிமின் முதல் பதிப்பில் அந்தக் கெட்ட ராணி மாற்றாந்தாய் இல்லை, பெற்ற தாயே. பிறகு 1819-இல்தான் மாற்றினார்கள். அது எனக்கு அடிக்கடி நினைவுக்கு வருகிறது.

எவர் ஆஃப்டர் ஹை என்ற பொம்மை வரிசை 2013-இல் வந்தபோது அதில் ரேவன் குவீனுக்காக எத்தனை அடம் பிடித்தாய். விஷ ஆப்பிள் ராணியின் மகள். கதைப் புத்தகத்தில் கையெழுத்துப் போட்டால் அம்மாவைப் போலவே கெட்டவளாக வாழ வேண்டும், அவள் போடவில்லை. அந்தக் காட்சிக்கு நீ சோபாவில் ஏறி நின்று கத்தினாய். பிற்பாடு அந்த கம்ப்யூட்டர் சயின்ஸ் படிவத்தில் நீயும் கையெழுத்துப் போடவில்லை. வீட்டில் எத்தனை நாள் பேச்சு இல்லாமல் போயிற்று, அப்போது உன் பக்கம் நின்றது யார்? அதையும் கொஞ்சம் நினைத்துப் பார். அப்படிப்பட்டவளிடம் சொல்லக்கூடாத விஷயம் என்ன இருக்க முடியும்?

சாப்பாட்டை விட்டுவிடாதே. காபியைக் குடித்துவிட்டு மத்தியானம் வரை ஓட்டுவது உனக்கு ஆகாது, போன வருஷமே பார்த்தோம்.

சரி, நேராகவே எழுதிவிடுகிறேன். கார்த்தி அம்மாவை மளிகைக் கடையில் பார்த்தேன். உங்கள் பிரிவில் பாதிப் பேரை வேலையிலிருந்து எடுத்துவிட்டார்களாமே, கவிதா எப்படி இருக்கிறாள் என்று கேட்டாள். நான் நன்றாக இருக்கிறாள் என்று சொல்லிவிட்டுக் கறிவேப்பிலையை எடுக்காமலே வந்துவிட்டேன். என் மகள் பற்றி இன்னொருத்தி சொல்லி நான் தெரிந்துகொள்வதா? அது எனக்கு வலித்தது. வேலை போனது வலிக்கவில்லை, வேலை எல்லாருக்கும்தான் போகிறது. அப்பாவுக்கு 2009-இல் போகவில்லையா?

நீ வரைந்து கொடுத்த அந்தக் கடல்கன்னி பொம்மையைக் கடையில் பார்த்தபோது இரண்டு வாங்கினேன். ஒன்றை எதிர்வீட்டுக் குழந்தைக்குக் கொடுத்தேன். அட்டையில் உன் பெயர் இல்லை, எங்கேயும் இல்லை. ஆனால் செதில் மேல் செதிலாக அடுக்கிய அந்தப் பாவாடையைப் பார்த்தவுடன் எனக்குத் தெரிந்துவிட்டது, நீ எட்டாம் வகுப்பில் உன் மான்ஸ்டர் ஹை லகூனா பொம்மைக்குத் தைத்தது இதே மாதிரிதான். அப்படிப்பட்ட கையை ஒரு கம்பெனி வேண்டாம் என்றால் நஷ்டம் யாருக்கு?

மான்ஸ்டர் ஹையைக்கூட 2016-இல் முகத்தை மாற்றினார்கள். குழந்தைத்தனமாக ஆக்கிவிட்டார்கள் என்று நீ அழுதாய், கல்லூரிக்குப் போகிற வயதில். 2018-இல் நிறுத்தியே விட்டார்கள். 2022-இல் மறுபடி வந்தபோது ஃபிராங்கிக்குச் செயற்கைக் கால், டிராகுலாராவுக்குக் கொஞ்சம் பூசின உடம்பு, முன்பைவிட நன்றாகத்தான் வந்தார்கள். வீடியோ போட்டு ஒவ்வொன்றாக எனக்குக் காட்டியவள் நீதான். நடுவில் இருந்த அந்த வருஷங்களில் உன்னைப் போன்றவர்கள் பழைய பொம்மையின் முகத்தை அசிட்டோன் வைத்துத் துடைத்துவிட்டுப் புதிதாக வரைந்துகொண்டிருந்தார்கள். கடையில் இல்லை என்று யாரும் வரைவதை நிறுத்தவில்லை.

அப்படி நீ வரைந்த ஒருத்தி பெட்டியில் இருக்கிறாள், அவளை மட்டும் நான் படம் எடுக்கவில்லை. நீலி. உடைந்த லகூனாவின் நீல உடம்பில் முகத்தைத் துடைத்துவிட்டு நீ வரைந்தது. பாட்டி சொன்ன பழையனூர்க் கதையை வைத்து. கண் இமை ஒவ்வொன்றும் தனித்தனியாக, முடியைவிட மெல்லிசாகப் போட்டிருக்கிறாய். இடுப்பில் ஒரு சின்னத் துணிப் பொட்டலம், பிரித்துப் பார்த்தேன், உள்ளே கள்ளிக்குச்சி. அவள் குழந்தையாக மாற்றி இடுப்பில் வைத்துக்கொண்டு வருவாளே, அது. மறுபடி அப்படியே சுற்றி வைத்துவிட்டேன். பாட்டி அதைப் பார்த்துவிட்டு, எல்லாரும் இவளைப் பேய் என்றுதான் சொல்வார்கள், இவளைக் கொன்றவனைப் பற்றி யார் பேசுகிறார்கள் என்றாள். நீ அதைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டாய். நீலி விற்பனைக்கு இல்லை. மற்றவர்களை நீ என்ன வேண்டுமானாலும் செய், அவள் விஷயத்தில் நான் சொல்வதைக் கேள்.

மற்றவர்களையும் இப்போது விற்க வேண்டாம். பணம் வேண்டுமென்றால் பணம் என்று கேள். திருப்பித் தருவதைப் பற்றிப் பிறகு பேசலாம். கேட்கக் கூச்சமாக இருந்தால் அப்பாவிடம் கேள், அவர் ஏன் என்றுகூடக் கேட்க மாட்டார். வாடகை கட்ட முடியாவிட்டால் இங்கே வந்துவிடு, உன் அறையில் தையல் மிஷின் மட்டும்தான் இருக்கிறது, அதைக் கூடத்துக்கு மாற்ற அரை மணி நேரம் போதும். வந்து உட்கார்ந்து உன் வேலைத் தொகுப்பைத் தயார் செய். நீலியை முதல் பக்கத்தில் போடு.

தூங்குகிறாயா? ராத்திரி இரண்டு மணிக்கு உன் பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி எரிகிறது. எனக்கும் தூக்கம் இல்லை என்பதால்தான் தெரிகிறது.

பெட்டியைத் தபாலில் அனுப்ப மாட்டேன், போட்டு உடைத்துவிடுவார்கள். வருகிற சனிக்கிழமை அப்பா எடுத்துக்கொண்டு வருகிறார். விடியற்காலையில் ஃப்ரீமாண்டில் கிளம்பினால் ஐந்தாம் நெடுஞ்சாலையில் ஆறு மணி நேரம், மத்தியானத்துக்குள் வந்துவிடுவார். கூடவே பருப்புப் பொடி, வத்தக்குழம்பு, நீ கேட்ட அந்தப் பெரிய குக்கர். நானும் வரலாம் என்று இருக்கிறேன், உனக்குச் சரி என்றால். வேலை பற்றி நானாக எதுவும் கேட்க மாட்டேன், நீ சொன்னால் கேட்டுக்கொள்கிறேன். சனிக்கிழமை வீட்டில் இருப்பாயா, நானும் வரலாமா, இதற்கு மட்டும் வெள்ளிக்கிழமைக்குள் ஒரு வரி அனுப்பு.

அன்புடன்,
அம்மா