மூன்று சீன் போதும் என்பதற்கு ஒரு ஜப்பான்காரர்

அன்புள்ள கார்த்தி,

போன வாரம் போனில், "மறுபடியும் இன்ஸ்பெக்டர் வேஷம்தாம்மா, மொத்தம் மூணு சீன்" என்று சொல்லிவிட்டு உடனே பேச்சை மாற்றிவிட்டாய். நானும் கிளறவில்லை. போனில் நான் எதைச் சொன்னாலும் "சரிம்மா, சரிம்மா" என்பாய், அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். புத்திமதி எதுவும் இல்லை, பயப்படாதே. தகாஷி ஷிமுரா என்ற ஜப்பான் நடிகரைப் பற்றித்தான் எழுதப்போகிறேன். 'ஏழு சாமுராய்' படத்தில் மொட்டைத் தலையைத் தடவித் தடவி யோசிப்பாரே, அந்தத் தலைவர். உங்கள் அப்பா டிவிடியில் போட்டுக்காட்டியபோது நீ பாதியில் தூங்கிப்போனாய்.

எனக்கு அவர்மேல் ஒட்டுதல் வந்ததற்குக் காரணம் சினிமா இல்லை. அவரும் என்னைப்போல நகராட்சி ஆள்! 1905-ல் ஹியோகோ மாகாணத்தில் இகுனோ என்ற வெள்ளிச் சுரங்க ஊரில் பிறந்தவர். சாமுராய் வம்சம், ஆனால் அந்தப் பெருமை சோறு போடும் காலம் முடிந்துவிட்டது. அப்பா ஓய்வு பெற்றதும் பகல் கல்லூரிக்குக் கட்டுப்படியாகவில்லை. கன்சாய் பல்கலைக்கழகத்தில் இரவு வகுப்புக்கு மாறி ஆங்கில இலக்கியம் படித்துக்கொண்டே, பகலில் ஒசாகா நகரக் குடிநீர் அலுவலகத்தில் வேலை பார்த்தார். கல்லூரியில் பாடம் நடத்திய வாத்தியார்களால் நாடகப் பைத்தியம் பிடித்தது. சொந்தமாக ஒரு குழு ஆரம்பித்து, ஒத்திகைக்காக அலுவலகத்துக்கு மட்டம் போட்டுப் போட்டுக் கடைசியில் வேலை போயிற்று. குழுவும் நஷ்டத்தில் மூழ்கியது. அப்புறம் ஊர் ஊராகப் போகும் நாடகக் கம்பெனி. முதல் படம் 1934-ல், இருபத்தொன்பது வயதில், அதுவும் ஊமைப்படம்.

சினிமாவில் அவருக்கு இளமை என்ற ஒன்றே கிடைக்கவில்லை. 1939-ல் ஒரு பாட்டுப் படம். குடை செய்து பிழைத்துக்கொண்டு, கையில் வரும் காசையெல்லாம் பழம்பொருள் வாங்கித் தொலைக்கும் கிழ அப்பா வேடம். கல்யாண வயதில் ஒரு மகள். அப்போது அவருக்கு முப்பத்து நாலு வயது! பாடவும் செய்தார், மோசமில்லை. 1943-ல், 'ஏழு சாமுராய்' எடுத்த இயக்குநர் அகிரா குரோசாவாவின் முதல் படம் 'சான்ஷிரோ சுகாதா'. அதிலும் கதாநாயகியின் அப்பா. கதாநாயகனோடு மோதித் தோற்கும் வயதான ஜுஜுட்சு (ஜப்பான் தற்காப்புக் கலை) வாத்தியார். தூக்கி எறிய எறிய எழுந்து வருவார். கதாநாயகன் ஜெயிக்க வேண்டிய சண்டைதான், ஆனால் நாம் பார்த்துக்கொண்டிருப்பது தோற்கிறவரை.

குரோசாவா எடுத்த முப்பது படங்களில் ஷிமுரா இருப்பது இருபத்தொன்றில். அந்தப் படங்களின் நட்சத்திர நாயகன் தோஷிரோ மிஃபுனே பதினாறில்தான். இதைச் சொன்னால் உங்கள் அப்பா நம்பமாட்டார், விரல் விட்டு எண்ணுவார். போஸ்டரில் மிஃபுனே இருப்பார், படத்தைத் தாங்குகிறவர் பக்கத்தில் இருப்பார். இத்தனைக்கும் மிஃபுனே இவரைவிடப் பதினைந்து வயதுதான் சின்னவர். 1949-ல் ஒரு படத்தில் ஷிமுரா அவருக்கே அப்பாவாக நடித்தார்.

இன்ஸ்பெக்டர் வேஷம் என்றாயே, அதே வருடம் வந்த 'ஸ்ட்ரே டாக்' படத்தைத் தேடிப் பார். கொதிக்கிற கோடை, எல்லோருக்கும் வியர்வை வழிகிறது. பஸ்ஸில் துப்பாக்கியைப் பறிகொடுத்த இளம் போலீஸ்காரராக மிஃபுனே. படம் முழுக்கத் துடிக்கிறார், ஓடுகிறார், தன்னையே திட்டிக்கொள்கிறார். ஷிமுராவுக்கு அனுபவசாலி துப்பறிவாளர் வேடம். பிடிபட்ட ஒரு பெண்ணை விசாரிக்கிற காட்சி ஒன்று வரும். மேஜையைத் தட்டவில்லை, குரலை உயர்த்தவில்லை. சிகரெட் கொடுக்கிறார், குச்சி ஐஸ் வாங்கிக் கொடுத்துத் தானும் சாப்பிடுகிறார், ஏதோ சிரிக்கச் சிரிக்கப் பேசுகிறார். அவள் இளகி, விஷயம் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வருகிறது. மிஃபுனேவுக்குப் பொறுமை போகிறது. அங்கே ஷிமுராவின் முகத்தை மட்டும் கவனி. அந்தப் பெண் பேசும்போதுதான் அவர் அதிகம் நடிக்கிறார். உன் எதிரே இருப்பவர் வசனம் பேசும்போது நீ என்ன செய்கிறாய் என்று நான் கேட்கவில்லை, அது உன் தொழில். எனக்குத் தோன்றியதைச் சொன்னேன்.

இனி 'இகிரு'. 1952. மாநகராட்சியில் குடிமக்கள் பிரிவின் தலைவர், வயிற்றில் புற்றுநோய். வேலைக்கு மட்டம் போட்டு வேலையிழந்த மனிதருக்கு, முப்பது வருடமாக ஒரு நாள்கூட லீவு போடாத அதிகாரி வேடம்! சாக்கடைத் தண்ணீர் தேங்கும் இடத்தைப் பூங்காவாக்கித் தரும்படி சில அம்மாக்கள் மனு கொண்டுவருகிறார்கள். பொதுப்பணிக்குப் போ, பூங்காப் பிரிவுக்குப் போ, சுகாதாரத்துக்குப் போ என்று கட்டடம் முழுக்க அலையவிட்டு, கடைசியில் புறப்பட்ட கவுண்டருக்கே திருப்பி அனுப்புகிறார்கள். நான் சிரித்த சிரிப்பில் உங்கள் அப்பா படத்தை நிறுத்திவிட்டார். "உரிய பிரிவுக்கு அனுப்பப்படுகிறது" என்று நானே எத்தனை மனுவின் மேல் எழுதியிருக்கிறேன்.

ஷிமுராவுக்கு அப்போது நாற்பத்தேழு வயது. குரல் தொண்டையிலேயே நின்றுவிடுகிறது. காகிதத்தில் முத்திரை குத்தும் கையை அசல் அலுவலகங்களில் பார்த்திருக்கிறேன், அப்படியே இருக்கிறது. நோய் தெரிந்த பிறகு அந்தப் பூங்காவுக்காகப் பிரிவு பிரிவாகப் போய், தன்னைவிடச் சின்ன அதிகாரிகள் முன்னால்கூடக் குனிந்து நிற்கிறார். கோபமே வராது. கையெழுத்து விழும்வரை நகர்வதும் இல்லை. குறையும் சொல்லிவிடுகிறேன்: சில இடங்களில் கண்ணை அகல விரித்து வெறிப்பது எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே பட்டது. உங்கள் அப்பா ஒத்துக்கொள்ளவில்லை, அன்று சாப்பாடு முடியும்வரை அந்தச் சண்டைதான். படம் முடிய முக்கால் மணி நேரத்துக்கு மேல் இருக்கும்போதே அந்த ஆள் செத்துப்போகிறார். மீதியெல்லாம் துக்க வீட்டில் சக ஊழியர்கள் குடித்துக்கொண்டே அவரைப் பற்றிப் பேசுவது. முக்கிய வேடம் கிடைத்தது, அதிலும் பாதியில் போட்டோவாகிச் சுவரேறிவிட்டார் என்று அப்பா கிண்டலடிப்பார்.

1954-ஐப் பார். ஏப்ரலில் 'ஏழு சாமுராய்', நவம்பரில் 'காட்ஜிலா'. ஒன்றில் கிராமத்தைக் காக்கும் கம்பெய். இன்னொன்றில், அந்த மிருகத்தைக் கொல்லாதீர்கள், ஆராய வேண்டும் என்று கெஞ்சும் விஞ்ஞானி யாமானே. ரப்பர் உடுப்புக்குள் இருக்கும் மனிதரைப் பார்த்துக்கூட அதே மரியாதையோடுதான் நடிக்கிறார்.

அதற்குப் பிறகு குரோசாவா படங்களில் அவர் வேடம் சுருங்கிக்கொண்டே போகிறது. 'இகிரு'வும் கம்பெய்யும் செய்த மனிதர், 'யோஜிம்போ'வில் சாராய வியாபாரி, 'ஹை அண்ட் லோ'வில் கூட்டத்தில் உட்கார்ந்திருக்கும் போலீஸ் மேலதிகாரி, 'ரெட் பியர்ட்'டில் ஒரு பணக்கார வியாபாரி. வந்து, செய்துவிட்டுப் போகிறார். நடுவில் நல்லவர் முத்திரையையும் உடைத்தார். 1960-ல் வந்த ஒரு படத்தில் ஊழல் அதிகாரியாக வருகிறார், அந்தச் சாந்தமான முகமே அங்கே பயமாக இருக்கும். 1969-ல் தோரா-சான் என்ற ஜப்பான் நகைச்சுவைப் பட வரிசையின் முதல் படத்தில், பல வருடம் பேச்சுவார்த்தை இல்லாத மகனின் கல்யாணத்துக்கு வரும் அப்பா. வாழ்த்த எழுந்து நிற்கிறார், வார்த்தை வரவில்லை. அந்த நேரம் முழுக்க நாமும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்போம்.

கடைசியாக குரோசாவாவின் 'ககேமுஷா', 1980. வெளிநாடுகளுக்கு அனுப்பிய பிரதியில் ஷிமுராவின் காட்சியை வெட்டிவிட்டார்கள். 1982 பிப்ரவரியில் இறந்தார். சுமார் இருநூறு படங்கள்.

நேரம் கிடைத்தால் 'ஸ்கேண்டல்' என்று 1950-ல் வந்த படத்தையும் பார். எதிர்த்தரப்பிடம் பணம் வாங்கிக்கொண்டு சொந்தக் கட்சிக்காரரையே காட்டிக்கொடுக்கும் குடிகார வக்கீல், வீட்டில் காசநோயில் கிடக்கும் மகள். கதாநாயகன் மிஃபுனேதான், ஆனால் ஷிமுரா உள்ளே வந்த பிறகு மிஃபுனேவை யாரும் கண்டுகொள்ளமாட்டார்கள். ஆரம்பத்தில் கொஞ்ச நேரம் ஷிமுரா தலையே காட்டமாட்டார், எழுந்து போய்விடாதே.

அன்புடன்,
அம்மா