பின்மேசை நீலச் சட்டைக்காரருக்கு

அன்புள்ள நீலச் சட்டைக்காரருக்கு,

உங்கள் பெயர் தெரியாது. தொடர் முடிந்ததும் ஓடுகிற பெயர்ப்பட்டியலை நிறுத்தி நிறுத்திப் பார்த்துவிட்டேன். மேக்கப் உதவியாளர் முதல் வண்டி ஓட்டியவர் வரை இருக்கிறார்கள், பின்னணிக் கூட்டத்தில் ஒருவராக நடித்த நீங்கள் இல்லை. அதனால் சட்டையை வைத்துக் கூப்பிடுகிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

6-ஆவது எபிசோட், உணவகக் காட்சி. நாயகனும் நாயகியும் பிரியப்போகிறார்கள். வீட்டில் எல்லோரும் அவர்களுக்காக மூக்கை உறிஞ்சிக்கொண்டிருக்க, நான் அவர்களுடைய தோள்களுக்கு நடுவே தெரிந்த உங்கள் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எதிரே இருந்த அம்மாவிடம் ஏதோ சொல்கிறீர்கள், அவர் சிரிக்கிறார். தண்ணீர் கிளாஸை எடுத்து உதட்டில் வைக்கிறீர்கள். திரும்ப ஓட்டிப் பார்த்தேன். மூன்று முறை எடுக்கிறீர்கள். மூன்று முறையும் தண்ணீர் அதே மட்டத்தில் நிற்கிறது! பழைய கை என்று அப்போதே புரிந்துவிட்டது. நிஜமாகக் குடித்தால், ஷாட்டுக்கு ஷாட் எல்லாம் ஒரே மாதிரி இருக்கிறதா என்று கன்டினியூட்டி பார்ப்பவர் டேக்குக்கு டேக் ஓடிவந்து ஊற்றவேண்டும். இல்லாவிட்டால் ஒரு ஷாட்டில் அரை கிளாஸ், அடுத்ததில் முழு கிளாஸ் என்று பல்லிளித்துவிடும்.

சத்தமும் அப்படித்தான். முன்னால் இருப்பவர்களின் வசனம் சுத்தமாகப் பதிவாக, நீங்கள் எல்லோரும் வாயை மட்டும் அசைக்கவேண்டும். சலசலப்பைப் பிறகு தனியாகச் சேர்த்துக்கொள்வார்கள். விருந்துக் காட்சியில் பாட்டே ஒலிக்காமல் தாளம் தப்பாமல் ஆடவும் வேண்டும். சத்தமில்லாமல் சிரிக்க நானும் கண்ணாடி முன் நின்று முயன்றேன். பல்வலிக்காரன் மாதிரி இருந்தது.

'ஃப்ரெண்ட்ஸ்' என்ற அமெரிக்க நகைச்சுவைத் தொடரின் ஜேம்ஸ் மைக்கேல் டைலரை உங்களுக்குத் தெரிந்திருக்கும். காபி மெஷினை இயக்கத் தெரியும் என்பதற்காக 1994-இல் அதில் வரும் காபி கடையின் கவுண்ட்டருக்குப் பின்னால் நிறுத்தப்பட்டவர். முதல் சீசன் முழுக்க ஒரு வசனம் கிடையாது. அப்புறம் அந்தப் பாத்திரத்துக்குக் கன்தர் என்று பெயர் கிடைத்து, 2004-இல் தொடர் முடியும்வரை இருந்தார். போர்க்கள மருத்துவமனையைப் பற்றிய 'மாஷ்' என்ற அமெரிக்கத் தொடரில் நர்ஸ் கூட்டத்தில் ஒருவராக வந்த கெல்லி நகஹாராவுக்கோ, அவர் பெயரையே பாத்திரத்துக்கு வைத்து, கடைசி சீசனில் அவரைச் சுற்றியே ஒரு எபிசோட் எழுதினார்கள். இந்தக் கதைகளைச் சொல்பவர்கள் "பார், முன்னுக்கு வந்துவிட்டார்" என்று முடிப்பார்கள். எனக்கு அதில் பாதி உடன்பாடுதான். கன்தர் வாய் திறக்காமல் நின்ற நாட்களிலும் அவர் நின்றதால்தான் அது காபி கடையாக இருந்தது. இல்லாவிட்டால் வெறும் செட்.

இன்னொன்று. 11-ஆவது எபிசோடில், நீதிமன்றக் கூட்டத்தில் மூக்குக்கண்ணாடியோடு உட்கார்ந்திருந்தது நீங்கள்தானே? கண்ணாடி மாட்டிவிட்டால் எங்களுக்குத் தெரியாது என்று யார் நினைத்தார்களோ! இரண்டு வரிசை தள்ளி அதே அம்மா. இந்தத் தடவை இருவரும் முன்பின் தெரியாதவர்கள் மாதிரி நேராகப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

உணவகத்தில் அவரிடம் அப்படி என்னதான் சொன்னீர்கள்?

இப்படிக்கு,
பின்னால் பார்ப்பவன்