கட்டார்ல குளிரே தம்பி?

தம்பி, சுகமா இருக்கிறியே ராசா. நான் போடுற மெசேஜ் எல்லாம் ஒரு டிக்கோடயே நிக்குது, அங்க நெட் சரியில்லையாம் எண்டு அப்பாட்ட சொல்லி வச்சிருக்கிறன். இது கொஞ்சம் நீளமா இருக்கும், நெட் வரேக்க ஆறுதலா வாசி. இஞ்ச எல்லாரும் சுகம். மழை விட்ட பாடில்லை, முத்தையன்கட்டுக் குளம் வான் பாயுது, வயல் இந்தமுறை பரவாயில்லை, யானை இறங்காமல் இருந்தால் காணும். அப்பான்ர முழங்கால் அப்பிடியேதான்.

தங்கச்சிக்கு போட்டிப் பரீட்சை வருதெல்லே. பொது அறிவுப் புத்தகத்தை என்ர கையில தந்திட்டு கேளுங்கோ அம்மா எண்டு முன்னால வந்து இருந்திடுவாள், ராவில சட்டி பானை கழுவி முடிய எனக்கு இப்ப இதுதான் வேலை. ஐநாவில எத்தினை நாடு, 193. கடைசியாச் சேர்ந்தது எது, தென்சூடான், 2011. கடல் இல்லாத நாடுகளாலயே சுத்தி வளைக்கப்பட்ட நாடு ரெண்டு இருக்காம், லீச்சென்ஸ்டைனும் உஸ்பெகிஸ்தானும், அங்க இருக்கிற சனம் கடலைப் பாக்கிறதெண்டால் எந்தப் பக்கத்தால போனாலும் ரெண்டு எல்லை தாண்டோணும். நீ இருந்திருந்தால் இதெல்லாம் பாக்காமச் சொல்லியிருப்பாய். ஓஎல் பரீட்சையில புவியியலுக்கு ஏ எடுத்தனி, அட்லஸ் இல்லாமலே ஆபிரிக்காப் படம் கீறுவாய் எண்டு உன்ர சேர் சந்தையில வச்சு எல்லாருக்கும் கேக்கச் சொன்னவர், அண்டைக்கு நான் மீனும் வாங்காமல் வீட்டை வந்தனான். அந்தப் பிள்ளைக்கு ஒரு நாட்டில இருந்து இன்னொரு நாடு எவ்வளவு தூரம், இடையில என்ன கிடக்கு எண்டு தெரியாமல் இருக்காது.

கட்டாரையும் கேட்டனான் அவளிட்ட. தலைநகர் டோஹா, பிரித்தானியாவின்ர பாதுகாப்பில இருந்து விடுபட்டது 1971 செப்டம்பர் 3, மூண்டு பக்கமும் கடல், தரை எல்லை எண்டு இருக்கிறது சவூதியோட மட்டும்தான். எங்களை விட ரெண்டரை மணித்தியாலம் பிந்தி.

நீ கடைசியா வீடியோ கோல் எடுக்கேக்க இஞ்ச பத்தரை, நான் மீன் வெட்டிக்கொண்டிருந்தனான். அப்ப உனக்கு காலமை எட்டு. எட்டு மணிக்கு உனக்குப் பின்னால கும்மிருட்டு தம்பி. லைட் கம்பம் எரிஞ்சுகொண்டு நிண்டது. மார்கழியிலயும் டோஹாவில ஆறு, ஆறரைக்குள்ள சூரியன் வந்திடும், எட்டுக்கு நல்ல வெயில். நான் அப்ப ஒண்டும் கேக்கேல்ல, சாப்பிட்டியோ எண்டு மட்டும் கேட்டனான், நீயும் ஓம் எண்டிட்டு வைச்சிட்டாய். பிறகு தங்கச்சிதான் சொன்னவள், பூமி சாஞ்சு சுத்துறதால இந்த மாசங்களில வடக்க போகப் போக பகல் சுருங்கும், மின்ஸ்க் எண்ட ஊரில விடியவே ஒன்பது மணி தாண்டும் எண்டு. மின்ஸ்க்கும் டோஹாவும் மணிக்கூட்டில ஒரே நேரம்தானாம், ரெண்டும் எங்களை விட ரெண்டரை பிந்தி. அதால மணியை வச்சு ஒருத்தராலயும் கண்டுபிடிக்கேலாது, வெளிச்சத்தை வச்சுத்தான் கண்டுபிடிக்கலாம்.

அதுக்கு முதல் நீ அனுப்பின படத்தில, அந்தப் பெரிய ஜாக்கெட் போட்டுக்கொண்டு நிண்ட படம், பின்னால ஒரு கடை போர்ட். அரபு எழுத்தும் இல்லை, இங்கிலீசும் இல்லை. ஆர் எழுத்தைத் திருப்பிப் போட்ட மாதிரி ஒண்டு கிடக்கு, என் எழுத்தைத் திருப்பின மாதிரி இன்னொண்டு. அது சிரில் எழுத்தாம், ரஷ்யா, பல்கேரியா, சேர்பியா, மங்கோலியா எல்லாம் அதுதான் எழுதிறவையாம். கடைக்கு மேல ஒரு கொடி, சிவப்பும் பச்சையும், கம்பத்துப் பக்கம் சேலைக்கரை மாதிரி ஒரு வேலைப்பாடு. அவள் புத்தகத்தின்ர பின்னட்டையைத் திருப்பி விரலை வச்சுக் காட்டினவள். பெலாரஸ்.

அதுக்குப் பிறகு ஒவ்வொரு ராவும் அந்த நாட்டைத்தான் பாக்கிறன், மின்ஸ்க் அதின்ர தலைநகர். எங்கட இலங்கையைப் போல மூண்டு மடங்கு பெரிசு, சனம் எங்களில பாதியும் இல்லை. கடல் இல்லை. சுத்தி ரஷ்யா, உக்ரைன், போலந்து, லித்துவேனியா, லத்வியா. சோவியத் யூனியன் உடைஞ்சு பதினைஞ்சு நாடாப் போனதெல்லே, அந்தக் கதைக்கு கையெழுத்து வைச்சதும் அங்கதான், 1991 டிசம்பர் 8, பெலவேஷா எண்ட காட்டுக்குள்ள ஒரு வீட்டில ரஷ்யா, உக்ரைன், பெலாரஸ் தலைவர்மார் கூடி. அந்தக் காடு பாதி பெலாரஸ்ல, பாதி போலந்தில. ஐரோப்பாவில பழங்காடு எண்டு மிஞ்சினதில முக்கியமானது. பைசன் எண்டு ஒரு மிருகம் இருக்கு, ஐரோப்பாவில தரையில இருக்கிறதுகளில ஆகப் பெரிசு, அந்தக் காட்டில ஒருக்கா முழுசா அழிஞ்சுபோய், மிருகக்காட்சிச்சாலைகளில மிஞ்சினதைப் பெருக்கித்தான் திரும்ப விட்டவை.

2021ல இருந்து அந்த பெலாரஸ், போலந்து எல்லையில சனம் நிண்டது. ஈராக், சிரியா, ஆப்கானிஸ்தான் எண்டு எல்லா இடத்துச் சனமும், குழந்தைப் பிள்ளைகளோட. இந்தப் பக்கத்தால தள்ள அந்தப் பக்கத்தால திருப்பித் தள்ளி, நடுவில சதுப்பும் மரமும், விறைச்சுச் செத்தவை இருக்கினம் தம்பி. 2022ல போலந்துக்காரர் இரும்பு வேலி அடிச்சிட்டினம், 186 கிலோமீற்றர், ஐஞ்சரை மீற்றர் உயரம். எங்கட காட்டில வழி தவறினால் எங்கயாவது மரத்தில ஏறி இருந்து விடியப்பண்ணலாம். அந்தக் குளிரில நனைஞ்ச உடுப்போட ஒரு ராத்திரி ஏலாது. சப்பாத்து நனையக் கூடாது, காலுறை ஒண்டு மேலதிகமா உடம்போட வச்சிரு. நடுங்கிற உடம்பு திடீரெண்டு நடுங்காமல் நிண்டால் சுகம் வந்திட்டுது எண்டு நினைக்காத, அதுதான் பயம், அப்ப நித்திரை வரும், படுக்கக் கூடாது. சப்பாத்தை நனைய விடாத.

ஏன் இதெல்லாம் எழுதிறாய், நான் கட்டார்ல எல்லோ நிக்கிறன் எண்டு நீ கேப்பாய். கேள், கேட்டாலே காணும் எனக்கு, உன்ர குரல் வரும்.

மாமா பிரான்ஸ்ல இருந்து போன கிழமை எடுத்தவர். தம்பி எங்க நிக்கிறான் எண்டு கேட்டன், உடன மழை எப்பிடி எண்டு கேக்கிறார். பெரியக்கான்ர விசயத்திலயும் அவர் அப்பிடித்தான் கதையை மாத்தினவர், அண்டைக்கே நான் விளங்கிக்கொண்டனான். காசு ஆர் கட்டினது, எவ்வளவு, காணி உறுதி எங்க எண்டு நான் கேக்கேல்ல. ஆனா என்னட்ட ஒரு சொல் சொல்லியிருக்கலாம். உன்னை மறிச்சிருப்பன் எண்டு நினைச்சியோ. மறிச்சிருப்பன்தான். ஊரில வேலை இல்லை எண்டு நீ அலைஞ்சதையும் பாத்தவள்தானே நான், உன்னில எனக்குக் கோவம் இல்லை, அண்டைக்கு இருந்த மாதிரி இல்லை.

அதே புத்தகத்தில கிடந்தது, போலந்து எண்ட நாடே 1795ல இருந்து 1918 மட்டும் வரைபடத்தில இல்லையாம். ரஷ்யாவும் பிரஷ்யாவும் ஒஸ்ரியாவும் பங்கு போட்டு எடுத்திட்டினம். 1944ல அவையின்ர தலைநகர் வார்சோவை ஜேர்மன்காரர் இடிச்சு நிலமட்டமாக்க, பிறகு பழைய ஓவியங்களையும் படங்களையும் வச்சு பழைய நகரத்தை அதே மாதிரிக் கட்டினவை. எங்கட வீட்டை நாங்கள் திரும்பக் கட்டேக்க நீ சின்னன், கல் சுமந்தனி. அதை வாசிச்சிட்டு கொஞ்ச நேரம் புத்தகத்தை மூடி வச்சிட்டன், தங்கச்சி பயந்திட்டாள்.

இதை மட்டும் கவனமாக் கேள். ஐஓஎம் எண்டு புலம்பெயருற சனத்துக்கான சர்வதேச அமைப்பு, உனக்குத் தெரியும், சண்டை முடிஞ்சு மீள்குடியேறேக்க எங்கட பக்கம் வந்து நிண்டவை. அவை மின்ஸ்க்கிலயும் இருக்கினம். திரும்பி ஊருக்கு வர விரும்புற ஆக்களுக்கு உதவி செய்யிறதும் அவையின்ர வேலைதான். ஏஜென்சிக்காரன் பாஸ்போட்டை வாங்கி வச்சிருந்தாலும் போய்க் கதை. காட்டுக்குள்ள தள்ளிவிட்டுட்டான் எண்டால், போன்ல சாஜ் இருக்கேக்கயே 112க்கு அடி, போலந்துப் பக்கத்தில அது எடுக்கும். மறிச்சு வச்சாலும் பரவாயில்லை, சூடான இடத்தில வச்சிருப்பினம். காசு போனால் போகட்டும், மாமாக்கு நான் கதைக்கிறன்.

அப்பாக்கு ஒண்டும் தெரியாது. கடையடியில நிண்டு மகன் கட்டார்ல, உதைபந்து உலகக் கிண்ணம் நடந்த இடத்தில எண்டு சொல்லிக்கொண்டு நிக்கிறார், அவர் சொல்லட்டும். ஆரும் பக்கத்தில இருந்து உன்ர போனைப் பாப்பினம் எண்டால் வேற ஒண்டும் எழுதாத, தங்கச்சின்ர கேள்விக்கு விடை சொல்லுற மாதிரி நீ நிக்கிற நாட்டின்ர தலைநகர் பேரை மட்டும் அவளின்ர நம்பருக்குப் போடு. நான் ராவில போனை சாஜில போட்டு தலைமாட்டில வச்சிருக்கிறன், எந்த நேரம் எண்டாலும் போடு. சப்பாத்து நனையாமப் பாத்துக்கொள்.

அம்மா