மாண்ட்காமரி நீதிபதி

அன்புள்ள சண்முகம்,

பேத்திக்கு வரன் அமைந்த செய்தி கேட்டு இங்கே எல்லாருக்கும் சந்தோஷம். அட்லாண்டாவில் குளிர் ஆரம்பித்துவிட்டது. போன வாரம் மகன் எங்களை அலபாமாவிலுள்ள மாண்ட்காமரிக்குக் கூட்டிப் போனான். அங்கே பெடரல் கோர்ட் கட்டடத்துக்கு ஃபிராங்க் ஜான்சன் என்ற நீதிபதியின் பெயரை வைத்திருக்கிறார்கள். வந்ததிலிருந்து அவரைப் பற்றித்தான் படித்துக்கொண்டிருக்கிறேன்.

37 வயதில் மாண்ட்காமரியில் முதல்நிலை பெடரல் கோர்ட் நீதிபதி ஆனவர். 1956-ல் மாண்ட்காமரி பஸ் வழக்கு. மூவர் பெஞ்சில் இவரும் இன்னொருவரும் சேர்ந்து, நிறம் பார்த்து இருக்கை பிரிப்பது செல்லாது என்றார்கள். வெள்ளை இனவெறியர்கள் மிரட்டலாக இவர் வீட்டு முன்னால் சிலுவையை எரித்தார்கள். 1967-ல் அவருடைய தாயார் வீட்டில் குண்டு வைத்தார்கள். நல்லவேளை, அந்த அம்மாளுக்கு ஒன்றும் ஆகவில்லை. அப்பீல் கோர்ட்டில் இருப்பவர் தீர்ப்பைச் சொல்லிவிட்டு எட்ட இருந்துகொள்ளலாம். இவர் யாருக்கு எதிராக உத்தரவு போட்டாரோ, அவர்களோடு அதே ஊரில்தான் குடியிருந்தாக வேண்டும்.

என்னை யோசிக்க வைத்தது, இனப் பிரிவினைக்குக் கொடி பிடித்த அரசியல்வாதி ஜார்ஜ் வாலஸ் விவகாரம். அலபாமா சட்டக் கல்லூரியில் இருவரும் ஒன்றாகப் படித்தவர்கள். 1959-ல் வாலஸ் மாநில நீதிபதி. கறுப்பர்களுக்கு வாக்குரிமை மறுக்கப்படுவதை விசாரித்த பெடரல் அரசின் சிவில் உரிமைக் கமிஷன் வாக்காளர் பதிவேடுகளைக் கேட்டது. தரமாட்டேன் என்று மேடைக்கு மேடை சவால் விட்டார். கொடுத்தே ஆகவேண்டும் என்று ஜான்சன் உத்தரவு போட்டார். வாலஸ் ஒரு ராத்திரி ஜான்சன் வீட்டுக்கே போய், ஜெயில் என்றால் கொஞ்ச நாளோடு விடு என்று கேட்டிருக்கிறார். ஜான்சன் மசியவில்லை. கடைசியில் கிராண்ட் ஜூரி (வழக்குத் தொடரலாமா என்று பார்க்கும் குடிமக்கள் குழு) வழியாகப் பதிவேடுகளைச் சத்தமில்லாமல் கைமாற்றினார் வாலஸ். வெளியே மட்டும் வீராப்பு.

ஜான்சன் என்ன செய்தார் தெரியுமா? உத்தரவு நிறைவேறிவிட்டது, அவமதிப்பு இல்லை என்று விடுவித்துவிட்டார். குறுக்குவழியில் கொடுத்தார் என்பதையும் தீர்ப்பிலேயே எழுதி வைத்தார். வாலஸ் நன்றி காட்டிய விதம்: 1962 தேர்தலில் இவரைப் பொய்யர் என்று திட்டியே கவர்னர் ஆனார்! 1965-ல் வாக்குரிமை கேட்டு செல்மா ஊரிலிருந்து மாண்ட்காமரிக்குக் கிளம்பிய ஊர்வலத்தை அதே வாலஸ் தடுக்க, அநியாயம் எவ்வளவு பெரியதோ அந்த அளவுக்கு ஊர்வல உரிமையும் பெரியது என்று அனுமதித்தவரும் இவர்தான்.

நீ மாஜிஸ்ட்ரேட்டாக இருந்தபோது நம்மோடு படித்தவன் எவனாவது இப்படி ராத்திரியில் உன் வீட்டுக் கதவைத் தட்டியிருக்கிறானா? பேரைச் சொல்லாவிட்டாலும் பரவாயில்லை, நடந்ததை எழுது. கல்யாணத் தேதி முடிவானதும் சொல், அதற்கேற்றபடி டிக்கெட் போடுகிறேன்.

அன்புடன்,
வேலாயுதம்