ஈயைப் பிடித்தவர் ஜாக் ஈலம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கௌபாய் படங்கள் பற்றிய தங்கள் தொடரை விடாமல் படித்து வருகிறேன். சென்ற இதழில் 'ஒன்ஸ் அப்பான் எ டைம் இன் தி வெஸ்ட்' (1968) படத்தில், ரயிலில் வரும் ஒருவனைக் கொல்ல மூன்று அடியாட்கள் நிலையத்தில் காத்திருக்கும் தொடக்கக் காட்சியைக் கட்டுரையாளர் சிலாகித்திருந்தார். இத்தாலிய இயக்குநர் செர்ஜியோ லியோனியைப் பாராட்டியது சரி. இசையமைப்பாளர் மோரிக்கோனியின் இசைதான் பதற்றத்தை ஏற்றுகிறது என்றும் எழுதிவிட்டார். நாயகன் சார்லஸ் பிரான்சன் வந்து ஹார்மோனிகாவை வாயில் வைக்கும்வரை அங்கே இசையே கிடையாது. காற்றாலை கிறீச்சிடுகிறது, தண்ணீர் சொட்டுகிறது, ஓர் ஈ ரீங்கரிக்கிறது. அந்த ஈயை வைத்தே காட்சியைத் தூக்கி நிறுத்திய நடிகரை 'மூன்று அடியாட்களில் ஒருவன்' என்று எழுதிக் கடந்துபோனதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

அவர் ஜாக் ஈலம். ஓயாமல் தட்டிக்கொண்டிருக்கும் தந்திக் கருவியின் ஒயரை எரிச்சலோடு பிய்த்துப் போடுபவரும் அவரே. பிறகு பெஞ்சில் சாய்ந்து தூங்கப் பார்க்கிறார். ஈ முகத்தில் வந்து உட்காருகிறது. கையால் ஓட்டினால் என்ன? மாட்டார், அவ்வளவு சோம்பல். உதட்டைக் கோணி ஊதிப் பார்க்கிறார். கடைசியில் அதைத் துப்பாக்கிக் குழலுக்குள் சிறைபிடித்து, குழலின் வாயை விரலால் மூடி, காதோரம் வைத்துக் கேட்டு ஒரு சிரிப்பு சிரிக்கிறார் பாருங்கள்! கொலை செய்யக் காத்திருப்பவனின் சிரிப்பு அது. ஆனால் பார்க்கிற நமக்கு அவனைப் பிடித்துப்போகிறது.

ஈலம் அமெரிக்காவின் அரிசோனாக்காரர். சிறுவயதில் பென்சில் குத்தி இடது கண் பார்வை போய்விட்டது. அந்தக் கண் எப்போதும் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருக்கும். கணக்கெழுதிப் பிழைத்தவர். இருக்கிற ஒரு கண்ணும் கெட்டுவிடும் என்று மருத்துவர் எச்சரித்ததால் அந்த வேலையை விட்டு, படங்களுக்குப் பணம் ஏற்பாடு செய்து தந்து பதிலுக்கு வேடம் கேட்டு வாங்கினார் என்பார்கள். 'ராஹைட்' (1951) படத்தில் ஒரு குழந்தையின் காலடியில் சுட்டுப் பயமுறுத்துவார். 'ஹை நூன்' (1952) படத்தில் ஊர்க்காவல் அதிகாரியாக வரும் கேரி கூப்பர் சிறையிலிருந்து அனுப்பிவைக்கும் குடிகாரர் இவர்தான். டைட்டிலில் பெயர்கூட இல்லை.

தொலைக்காட்சியைப் பற்றித் தங்கள் கட்டுரைத் தொடரில் ஒரு வரியும் வராதது இன்னொரு குறை. 'கன்ஸ்மோக்' என்ற கௌபாய் தொலைக்காட்சித் தொடர் 1955 முதல் 1975 வரை ஓடியது. வாரத்துக்கு ஒரு கதை என்றால் வாரத்துக்கு ஒரு கெட்டவன் வேண்டும். நாயகன் மாறமாட்டார், வில்லன்கள் மாறிக்கொண்டே இருக்க வேண்டும். ஈலம் போன்றவர்களுக்கு அடுப்பெரிந்தது அதனால்தான். அதே தொடரில் வெவ்வேறு பெயரில் பலமுறை வந்துபோனார். 1963-இல் 'தி டகோட்டாஸ்', 'டெம்பிள் ஹூஸ்டன்' என்று அடுத்தடுத்து இரண்டு தொடர்களில் சட்டத்தின் பக்கம் நிற்கும் வேடம் கிடைத்தது. இரண்டும் நீடிக்கவில்லை.

என்னைக் கேட்டால் அவருடைய சிறந்த வேடம் லியோனி படத்தில்கூட இல்லை. 'சப்போர்ட் யுவர் லோக்கல் ஷெரீஃப்' (1969) படத்தில் ஜேம்ஸ் கார்னருக்குத் துணையாக வரும் ஜேக்தான். ஆளைப் பார்த்தாலே பயம் வரும் அந்த முகம், உள்ளுக்குள் நடுங்கிக்கொண்டே வீரம் காட்டும். 1971-இல் அதே கூட்டணியின் அடுத்த படம். அதன் முடிவில் நேரே நம்மைப் பார்த்து, தான் இத்தாலிய கௌபாய் படங்களில் பெரிய ஸ்டாராகப் போவதாகச் சொல்வார். லியோனியின் படத்தில் பத்து நிமிடம் காத்திருந்து செத்தவர் சொல்வதால் எனக்கு அதில் இரட்டிப்புச் சிரிப்பு. பிற்காலத்தில் முழியை உருட்டியே ஒப்பேற்றிய படங்களும் உண்டு. 'தி கேனன்பால் ரன்' (1981) அந்த ரகம்.

அவர் 2003-இல் காலமானார். ஈலத்துக்குத் தனியாக ஒரு வாரம் ஒதுக்க வேண்டும் என்று கேட்கவில்லை. அதே ரயில் நிலையத்தில் தொப்பியில் சொட்டும் தண்ணீரைப் பொறுமையாகக் குடிக்கும் வூடி ஸ்ட்ரோட், மற்ற கௌபாய் படங்களில் துணை வேடங்களில் வந்த ஸ்ட்ரோதர் மார்ட்டின், ஸ்லிம் பிக்கன்ஸ் எல்லோரையும் சேர்த்து ஒரு பகுதி எழுதச் சொல்லுங்கள். கௌபாய் நாயகன் ஜான் வெய்ன் பற்றி இதுவரை மூன்று வாரம் வந்தாகிவிட்டது.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
கும்பகோணம்