சாரு வழி தவறியவள் அல்ல

ஆசிரியருக்கு,

வங்க நாவல்களில் வரும் மனைவிமார் எல்லாம் வழி தவறியவர்கள் என்று ஞாயிறு இணைப்பில் ஒரே போடாகப் போட்டிருந்தீர்கள். 1901இல் தாகூர் எழுதிய 'சிதைந்த கூடு' கதையைப் படித்தவர் அப்படி எழுத முடியுமா? அதில் வரும் சாருவின் கணவன் பூபதி கெட்டவனே இல்லை, பத்திரிகை வேலையிலேயே மூழ்கி, வீட்டில் ஒருத்தி வளர்ந்து நிற்பதைக் கவனிக்காதவன், அவ்வளவுதான். சாருவோடு உட்கார்ந்து இலக்கியம் பேச பூபதியின் தம்பி முறையான அமல்தான் இருந்தான், அந்தப் பேச்சு எப்போது காதலானது என்று அவளுக்கே தெரியாது. கடைசியில் பூபதி மைசூருக்குக் கூப்பிடும்போது வேண்டாம் என்கிறாளே, அந்த மறுப்பில் கணவன் மேல் கோபம்கூட இல்லை. தாகூரின் 'வீடும் வெளியும்' நாவலில் விமலாவை அந்தப்புரத்திலிருந்து வெளியே வரச் சொன்னதே அவள் கணவன் நிகிலேஷ்தான். அப்புறம் அவளை மட்டும் குறை சொல்வானேன்?

— ஒரு வாசகி