படம் எடுத்தவர்கள் ஊருக்கு வந்து காட்டட்டும்

ஆசிரியருக்கு வணக்கம்.

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்க் பற்றி ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்ததிலிருந்து எனக்கு எங்கள் பெரியப்பா ஞாபகமாகவே இருக்கிறது. பிளாங்க் பெரிய நட்சத்திரங்களைத் தேடிப் போகவில்லை. வட கரோலினாவில் ரோடு சமப்படுத்தும் வண்டி ஓட்டி ஓய்வு பெற்ற டாமி ஜாரல் என்பவரின் பிடில் வாசிப்பைப் படம் எடுத்தார். 1980-இல் பூண்டைப் பற்றி ஒரு படம், அது ஓடும்போது அரங்கத்திலேயே பூண்டு சுட்டு வாசம் பரப்புவாராம். பார்க்கிறவனும் பந்தியில் உட்கார வேண்டும் என்ற ஆசைதானே அது!

என் பெரியப்பாவுக்கு சேலம் செவ்வாய்பேட்டையில் கொலுசுப் பட்டறை வேலை. மாசி, பங்குனி வந்துவிட்டால் ராத்திரியில் தெருக்கூத்து, திரௌபதி வேடம். நாலு வருடத்துக்கு முன்னால் அவரைப் படம் எடுக்க ஒரு குழு வந்தது, இரண்டு நாளும் எங்கள் வீட்டில்தான் சாப்பாடு. வெளிச்சம் பத்தாது என்று பட்டறைக்குள் ஒரு ஷாட்கூட எடுக்கவில்லை. திண்ணையில் உட்கார வைத்து, "கூத்து அழிஞ்சுகிட்டே வருதே, வருத்தமா இல்லையா?" என்று திருப்பித் திருப்பிக் கேட்டார்கள். "ஆடறப்ப வருத்தம் எங்கிருந்துங்க வரும்?" என்றார் பெரியப்பா. அது அவர்களுக்கு வேண்டிய பதில் இல்லை போலிருக்கிறது, செத்துப்போன வாத்தியாரைப் பற்றிக் கேட்டு அவரை அழ வைத்த பிறகுதான் கேமராவை மூடினார்கள்.

அவர்கள் விட்டதைச் சொல்கிறேன். கொலுசுக் கண்ணிகளை கேஸ் நெருப்பில் ஒட்டப் பற்ற வைக்கும்போதே அவர் வாய்க்குள் விருத்தம் ஓடிக்கொண்டிருக்கும், துகில் உரியும் இடம் வந்துவிட்டால் இரண்டு கையும் தானாக மேலே போய்விடும், பக்கத்தில் இருக்கும் பையன் ஓடிவந்து கேஸை அடைப்பான். அப்புறம் வேடம் கட்டும்போது பாருங்கள், தேங்காய் எண்ணெய் தடவி அரிதாரம் பூசி, மூச்சைப் பிடித்துக்கொண்டு புருவம் தீட்டுவார். கொலுசுக்குத் திருகாணி வைக்கிற அதே கை. இதை எடுக்காமல் கண்ணீரை எடுத்துக்கொண்டு போனார்களே என்று எனக்கு இன்றைக்கும் ஆறவில்லை.

மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோ நூற்றுக்கு மேல் படம் எடுத்த ஊர் இது, ஏற்காடு ரோட்டில் அதன் நுழைவு வளைவு இன்னும் நிற்கிறது. இங்கே இப்போது காலேஜ் பிள்ளைகள் கையிலெல்லாம் கேமரா இருக்கிறது. கூத்து நடக்கிற ராத்திரி மட்டும் வராதீர்கள், ஒரு மாதம் முன்னாலேயே வந்து பட்டறையில், தறிக்கூடத்தில் சும்மா உட்காருங்கள். கேள்வி கேட்பதைக் குறையுங்கள். சந்தோஷமாக இருக்கிறவரைச் சந்தோஷமாகவே காட்டுங்கள்.

பெரியப்பாவை வைத்து எடுத்த படத்தை எங்கெங்கோ திரையிட்டார்கள் என்று கேள்வி. அவர் இன்னும் பார்க்கவில்லை. அந்தக் குழுவில் யாராவது இதைப் படித்தால் படத்தை எடுத்துக்கொண்டு வரட்டும். கோவில் திடலில் திரை கட்டுகிற செலவு எங்களுடையது, சாப்பாடும்தான்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
செவ்வாய்பேட்டை, சேலம்.